கோணல் சுண்டு விரல்

உங்கள் கையை நீட்டி, விரல்களைச் சேர்த்து வைத்துக்கொண்டு ஒரு நிமிஷம் பாருங்கள். சுண்டு விரல் மோதிர விரலோடு ஒட்டிக்கொண்டு பரம சாதுவாக நிற்கிறது அல்லவா? அமெரிக்காவில் ஆலன் பேஜ் என்று ஒருவர் இருக்கிறார். அவருடைய சுண்டு விரல் அப்படி நிற்காது. மற்ற விரல்களை விட்டு விலகி, தச்சரின் மூலைமட்டம் போலப் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டிருக்கும். முதல் தடவை பார்க்கிறவர்கள் கொஞ்சம் திடுக்கிட்டுத்தான் போவார்கள்.

இந்த ஆலன் பேஜ் 22 வருஷங்களுக்கு மேல் மின்னெசோட்டா ராஜ்யத்தின் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்தவர். பள்ளிக்கூடங்களுக்குப் போய்க் குழந்தைகளோடு பேசுவது அவருக்கு வழக்கம். குழந்தைகள் சட்டத்தைப் பற்றியா கேட்கும்? விரலைப் பற்றித்தான் கேட்கும்! கடைசியில் 2013-ல், பள்ளி ஆசிரியையான தம் மகளோடு சேர்ந்து, அந்த விரலையே கதாநாயகனாக வைத்து ஒரு குழந்தைப் புத்தகம் எழுதிவிட்டார்.

விரல் பிசகியது கோர்ட்டில் அல்ல, மைதானத்தில். நீதிபதி ஆவதற்கு முன் அவருக்கு இன்னொரு உத்தியோகம் இருந்தது. 15 வருஷம் அவர் கூலிக்குக் கால்பந்து ஆடியவர்.

'கால்பந்து' என்றதும் நம் பையன்கள் மைதானத்தில் உதைத்து விளையாடுவதை நினைத்துவிடாதீர்கள். அமெரிக்காவில் அந்தப் பெயரில் ஆடுவது வேறு விளையாட்டு. பந்து இருபக்கமும் கூராக, உரித்த தேங்காய் மாதிரி இருக்கும். பெரும்பாலும் கையால்தான் ஆட்டம். கட்சிக்குப் 11 பேர். தலைக்குக் கவசம், தோளுக்கு மெத்தை. ஒரு கட்சி பந்தை வைத்துக்கொண்டு முன்னேறப் பார்க்கும், மற்றது தடுக்கும். பந்தைக் கையில் வாங்கி எங்கே எறியலாம் என்று பார்க்கிறவருக்குக் குவார்ட்டர்பேக் என்று பெயர். ஊர் கொண்டாடுவது அவரைத்தான். அவரைச் சுற்றி மலை போன்ற ஆட்கள் அரணாக நிற்பார்கள். அந்த அரணை உடைத்துக்கொண்டு போய், அவர் பந்தை எறிவதற்குள் கட்டிப்பிடித்துத் தரையில் சாய்ப்பது எதிர்க்கட்சியின் வேலை. சடுகுடு பார்த்தவர்களுக்கு இது எளிதில் விளங்கும். சாய்க்கிறவர்களில் நடுவில் நிற்பவர்தான் ஆலன் பேஜ்.

பேஜ் 1945-ல் ஒஹையோ ராஜ்யத்துக் கான்டன் நகரில் கறுப்பர் குடும்பம் ஒன்றில் பிறந்தார். இரும்பு ஆலைகள் நிறைந்த ஊர். வளர்ந்தால் ஆலைக்குப் போவது என்பது அங்கே எழுதாத சட்டம். சிறு வயதிலேயே அந்த வேலை தமக்கு வேண்டாம் என்று அவர் முடிவு கட்டிவிட்டார். டெலிவிஷனில் பெர்ரி மேஸன் என்ற வக்கீலின் கதைகளைப் பார்த்து, வக்கீலாக வேண்டும் என்ற ஆசையும் வந்துவிட்டது. படிப்புத்தான் முக்கியம் என்று சொல்லிச் சொல்லி வளர்த்த தாயார், பையனுக்கு 13 வயதாகும்போது காலமாகிவிட்டார். அந்தச் சொல் மட்டும் தங்கிவிட்டது.

அந்தக் கான்டன் நகரில்தான் 1963-ல் கால்பந்து வீரர்களின் புகழ் மண்டபத்தைத் திறந்தார்கள். கட்டடம் எழும்பியபோது அங்கே வேலை செய்த சிற்றாள்களில் பள்ளி மாணவன் பேஜும் ஒருவன்! இதைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

நோட்டர்டேம் பல்கலைக் கழகத்தில் அரசியல் விஞ்ஞானம் படித்து 1967-ல் பட்டம் வாங்கினார். அதே வருஷம் மின்னெசோட்டா வைக்கிங்ஸ் என்ற தொழில்முறைக் குழு அவரை எடுத்துக்கொண்டது. மினியாபொலிஸ் பக்கத்துக் குளிர் லேசானதல்ல. டிசம்பரில் திறந்த மைதானத்தில் ஆட்டம் நடக்கும். கோச் பட் கிராண்ட் பொல்லாத கண்டிப்புக்காரர். ஆட்டக்காரர்கள் உட்காரும் இடத்தில் கணப்பு வைக்கவே கூடாது என்று சொல்லிவிட்டார். அந்தக் குளிரில் பேஜும் கார்ல் எல்லரும் ஜிம் மார்ஷலும் கேரி லார்ஸனும் ஊதாச் சட்டை போட்டுக்கொண்டு வரிசையாக நின்றால், எதிரிகளுக்கு வயிற்றைக் கலக்கும். 'ஊதா மனிதப் பட்சிணிகள்' என்றே பத்திரிகைகள் அவர்களுக்குப் பெயர் வைத்தன.

1971-ல் சங்கத்தின் மிகச் சிறந்த ஆட்டக்காரருக்கான பரிசு பேஜுக்குக் கிடைத்தது. தடுக்கிற கட்சியிலிருந்து அதை வாங்கிய முதல் ஆள் என்று இவரைத்தான் சொல்கிறார்கள். அதன் பிறகும் 1986-ல் லாரன்ஸ் டெய்லர் ஒருவர்தான் வாங்கியிருக்கிறார். நான்கு தடவை இறுதிப் பந்தயத்துக்குப் போனதையும், நான்கிலும் வைக்கிங்ஸ் தோற்றதையும் சொல்லாமல் விட்டால் விளையாட்டுப் பிரியர்கள் சண்டைக்கு வருவார்கள். சொல்லிவிட்டேன், மேலே போவோம்.

எனக்கு முக்கியமாகப் படுவது வேறு ஒரு சம்பவம். ஆட்டக்காரர்களுக்குத் தனியே ஒரு பாடப் புத்தகம் உண்டு. எந்தச் சமயத்தில் யார் எங்கே ஓட வேண்டும் என்றெல்லாம் அதில் எழுதியிருக்கும். ஒரு நாள் கோச் ஒருவர் தடுக்கிற வரிசைக்காரர்களை உட்கார வைத்து, புத்தகத்தை வாய்விட்டு வாசிக்கச் சொன்னார். சிலர் கடகடவென்று வாசித்தார்கள். சிலர் எழுத்துக் கூட்டித் தடுமாறினார்கள். சிலருக்கு வாசிக்கவே வரவில்லை! இத்தனைக்கும் காலேஜ் படிகளை மிதித்துவிட்டு வந்தவர்கள் அவர்கள். பள்ளியில் ஆரம்பித்து காலேஜ் வரையில் அவர்களுடைய தோளையும் காலையும் பார்த்தவர்கள் உண்டே தவிர, இந்தப் பிள்ளைக்கு வாசிக்க வருகிறதா என்று ஒருவர்கூடப் பார்க்கவில்லை. முழங்கால் ஒன்று முறிந்தால் நாளைக்கு அந்த மனிதர் என்ன செய்வார்? பேஜ் இதைப் பல வருஷம் மறக்கவில்லை.

தம் விஷயத்தில் அவர் காத்துக்கொண்டிருக்கவும் இல்லை. ஆட ஆரம்பித்த புதிதிலேயே ஒரு சட்டக் கல்லூரியில் சேர்ந்தார். ஒன்றும் புரியாமல் சில வாரங்களில் நின்றுவிட்டார். பல வருஷம் கழித்து, புகழின் உச்சியில் இருந்தபோது, மின்னெசோட்டா பல்கலைக் கழகத்தின் சட்டக் கல்லூரியில் மறுபடியும் போய்ச் சேர்ந்தார். ஞாயிற்றுக்கிழமை 50,000 பேர் நடுவில் நின்றவர், வாரநாளில் தம்மைவிடச் சின்னப் பிள்ளைகளோடு பெஞ்சியில் உட்கார்ந்து குறிப்பு எடுத்தார். 1978-ல் சட்டப் பட்டமும் வாங்கிவிட்டார்.

இங்கேதான் அவருடைய மனைவி டயேன் அம்மாள் கதைக்குள் வருகிறார். அவருக்குச் சிகரெட் பழக்கம் இருந்தது. அதை விடவேண்டும் என்று நினைத்து, ஓட்டப் பயிற்சியைத் தொடங்கினார். துணைக்குக் கணவரும் கூட ஓடினார். ஒரு மைல் இரண்டாயிற்று, இரண்டு ஐந்தாயிற்று. அம்மாளின் சிகரெட் போயிற்று. கணவருக்கு ஓட்டமே ஒரு பைத்தியமாகிவிட்டது! 245 ராத்தல் இருந்தவர் 225-க்குப் பக்கத்தில் இளைத்துவிட்டார்.

நம் வீட்டில் ஒருவர் இருபது ராத்தல் இளைத்தால் டாக்டர் முதுகில் தட்டிக்கொடுப்பார். பேஜுக்கு வேலை போயிற்று. அந்த இடத்தில் நிற்கிறவருக்குக் கனம் வேண்டும், இல்லாவிட்டால் எதிரே வருகிறவன் புரட்டித் தள்ளிவிடுவான் என்பது கோச்சின் கட்சி. என் பலம் கனத்தில் இல்லை, வேகத்தில் இருக்கிறது என்பது பேஜின் கட்சி. ஆட்டக்காரர்களின் தொழிற்சங்கத்தில் பேஜ் முன்னால் நின்றதும் குழுவில் எல்லாருக்கும் பிடித்த காரியம் அல்ல. உறவு நாளுக்கு நாள் கசந்தது. 1978-ல் ஆறு மாட்ச் முடிந்ததும், பதினோரு வருஷம் உழைத்தவரை வைக்கிங்ஸ் விடுவித்துவிட்டது. சிகாகோ பேர்ஸ் குழு அவரை எடுத்துக்கொள்ளக் கட்டிய தொகை எவ்வளவு தெரியுமா? வெறும் 100 டாலர்!

கிராண்டை நான் வில்லனாக்க விரும்பவில்லை. முப்பத்து மூன்று வயதில் இளைத்துப்போன ஆளை வைத்துக்கொண்டு எந்தக் கோச்சும் யோசிக்கத்தான் யோசிப்பார். ஆனால் கணக்கு என்ன சொல்கிறது? சிகாகோவில் பேஜ் மேலும் 58 மாட்ச் ஆடினார். ஒன்றைக்கூட விடவில்லை. இரண்டு குழுக்களையும் சேர்த்தால் 15 வருஷத்தில் தொடர்ச்சியாக 218 மாட்சுகள். நடுவே 1979-ல் 26 மைல் மாரத்தான் ஓட்டத்தையும் ஓடி முடித்தார். சங்கத்தில் ஆடிக்கொண்டிருக்கும்போதே அதைச் செய்த முதல் ஆட்டக்காரர் அவர்தான். ஆட்டம் இல்லாத மாதங்களில் மினியாபொலிஸில் வக்கீல் ஆபீசுக்குப் போய் வந்தார். 1981-ல் ஆட்டத்தை நிறுத்தியபோது, அடுத்து என்ன என்று அவர் யாரையும் கேட்க வேண்டியிருக்கவில்லை.

கொஞ்ச காலம் ராஜ்ய ஸர்க்காரின் வக்கீலாக இருந்தார். நீதிபதி பதவிக்கு வந்த விதம் ஒரு தனிக் கதை. மின்னெசோட்டாவில் உச்ச நீதிமன்ற நீதிபதிகளை ஜனங்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுக்க வேண்டும். 1992-ல் பேஜ் போட்டியிட நினைத்தார். அந்தச் சமயம் பார்த்து, பதவியில் இருந்த ஒருவரின் காலத்தைக் கவர்னர் நீட்டித்துவிட்டார். தேர்தலே கிடையாது என்றாயிற்று. வேறு யாராவது இருந்தால் அடுத்த தடவை பார்க்கலாம் என்று வீட்டுக்குப் போயிருப்பார்கள். பேஜ் வழக்குப் போட்டார். எந்த மன்றத்தில் உட்கார ஆசைப்பட்டாரோ, அதே மன்றத்தின் முன்னால்! தங்கள் விஷயத்தைத் தாங்களே தீர்ப்பது முறையல்ல என்று அந்த நீதிபதிகள் ஒதுங்கிக்கொள்ள, அவர்களுக்குப் பதிலாக வேறு நீதிபதிகள் அமர்ந்து விசாரித்தார்கள். பேஜ் பக்கம் தீர்ப்பாயிற்று, தேர்தல் நடந்தது, ஜயித்தார். அந்த மன்றத்தில் அமர்ந்த முதல் கறுப்பர் அவர். மேலும் மூன்று தடவை ஜனங்கள் அவரைத் தேர்ந்தெடுத்தார்கள். 70 வயதுக்கு மேல் பதவியில் இருக்கக் கூடாது என்பது அங்கே சட்டம். 2015-ல் ஓய்வு பெற்றார்.

கான்டன் மண்டபத்தை மறந்துவிடவில்லையே? 1988-ல் பேஜின் பெயரை அதில் சேர்த்தார்கள். வீரரை மேடையில் அறிமுகம் செய்ய ஒருவரை அவரே அழைத்து வரலாம். வழக்கமாகப் பழைய கோச்சையோ தோழரையோ அழைத்து வருவார்கள். பேஜ் அழைத்து வந்தது மினியாபொலிஸ் பள்ளி ஒன்றின் தலைமையாசிரியையை! தம் பேச்சிலும் ஆட்டத்தை ஓரமாக வைத்துவிட்டுப் படிப்பைப் பற்றித்தான் பேசினார். அந்த வாசிக்கத் தெரியாத தோழர்களின் கதையை அங்கே கூடியிருந்த விளையாட்டு ரசிகர்களுக்குச் சொன்னார். கையில் மண்வெட்டி பிடித்துக் கட்டிய கட்டடத்தின் வாசலில் நின்றுகொண்டு இதைச் சொல்ல எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

பேச்சோடு விட்டாரா என்றால், இல்லை. அதே வருஷம் அவரும் டயேன் அம்மாளும் கல்வி நிதி ஒன்றைத் தொடங்கினார்கள். கறுப்பர் முதலான சிறுபான்மைப் பிள்ளைகள் மேல்படிப்புப் படிக்க உதவிப் பணம். அதற்கு ஒரு நிபந்தனை உண்டு. பணம் வாங்குகிற மாணவன் வருஷந்தோறும் சின்ன வகுப்புக் குழந்தைகளோடு உட்கார்ந்து, படிக்க உதவ வேண்டும். வாங்கியதைப் பணமாகத் திருப்ப வேண்டாம். இன்னொரு குழந்தைக்கு எழுத்துக் கூட்டச் சொல்லிக் கொடுத்தால் போதும். பெண்கள் கை வைத்த திட்டம் என்று இந்த ஒரு நிபந்தனையிலேயே எனக்குத் தோன்றுகிறது. ஆதாரம் கேட்காதீர்கள்!

அடிமை வியாபார காலத்திலும் அதற்குப் பின்னும் கறுப்பர்கள் பட்ட பாட்டுக்குச் சாட்சியான சாமான்களைத் தேடித் தேடிச் சேர்ப்பதும் அந்தத் தம்பதிக்கு வழக்கம். 2018 ஜனவரியில் அவற்றை மினியாபொலிஸ் மத்திய நூலகத்தில் பொதுமக்கள் பார்வைக்கு வைத்தார்கள். அந்த வருஷம் செப்டம்பரில் டயேன் அம்மாள் காலமானார். நவம்பரில் வெள்ளை மாளிகையில் பேஜுக்கு ஜனாதிபதியின் சுதந்திரப் பதக்கம் அணிவித்தார்கள். நாட்டில் ஒரு குடிமகனுக்குக் கிடைக்கக்கூடிய மிகப் பெரிய கௌரவம். கூட ஓடியவர் பார்க்க இல்லை.

மினியாபொலிஸிலும் பக்கத்து செயின்ட் பாலிலுமாக ஒவ்வோர் அக்டோபரிலும் பெரிய மாரத்தான் நடக்கும். ஓய்வு பெறுவதற்கு முன்பிருந்தே பேஜுக்கு அந்தக் காலைப் பொழுதில் ஒரு வேலை உண்டு. ஓடுகிறவர்கள் போகும் வழியில், உடம்பைச் சுற்றிக்கொள்ளும் பெரிய பித்தளை வாத்தியம் ஒன்றை மாட்டிக்கொண்டு நிற்பார். ஆயிரக்கணக்கில் ஆண்களும் பெண்களும் மூச்சிரைக்க வருவார்கள். அவர்கள் கடந்து போகும்வரை வாசித்துக்கொண்டே இருப்பார்.