ஏறியவர் கடன்



சென்ற திங்கள் நம் சங்கக் கூட்டம் முடிந்து விடுதிக்குத் திரும்பும் வழியில், தேநீர்க் கடை முன் நின்றோம். ஐந்து பேர், ஐந்து மண்குவளைகள், ஒரு வாதம். "திறமையால் உயர்ந்தவன் எவருக்கும் கடன்பட்டவன் அல்லன். அவன் ஏற்றம் அவன் உழைப்பு" என்றார் ஒரு நண்பர். "இல்லை, சோறிட்ட இடத்தை விட்டுப் போகிறவன் நன்றி மறந்தவன்" என்றார் மற்றொருவர். தேநீர் ஆறிற்று, வாதம் ஆறவில்லை. நான் அன்று வாய் திறக்கவில்லை. அன்று சொல்லாததை இன்று எழுதுகிறேன்.

வாதத்துக்குக் காரணம் ஒரு பந்தாட்டக்காரர். நம் சங்கத்தின் முன்னாள் உறுப்பினரான அண்ணன் ஒருவர், பவளப் பாறைகளைப் பற்றி ஆராய்வதற்காக ஆஸ்திரேலியாவின் வடகிழக்கில், டவுன்ஸ்வில் நகரில் உள்ள ஜேம்ஸ் குக் பல்கலைக் கழகத்துக்குச் சென்றவர். விடுமுறையில் கொல்கத்தா வந்திருந்தார். பவளத்தைப் பற்றிப் பேசுவார் என்று எதிர்பார்த்தோம். அவரோ அந் நகரத்து அணியின் ஜேசன் டௌமலோலோ என்பவரைப் பற்றியே ஒரு மணி நேரம் பேசினார். பழைய ஆட்டம் ஒன்றின் படத்தையும் போட்டுக் காட்டினார். பேச்சு முடிந்தபோது நம்மில் பாதிப் பேர் அவ் ஆட்டக்காரரை வாழ்த்தினர். பாதிப் பேர் வைதனர்.

ஆட்டத்தின் பெயர் ரக்பி லீக். பக்கத்துக்குப் பதின்மூன்று பேர்; எண்பது நிமிடம். பந்தைக் கையில் ஏந்தி ஓடலாம்; ஆனால் கையால் முன்னே எறியக் கூடாது; பின்னே நிற்பவனுக்குத்தான் தர வேண்டும். எதிரணியார் ஓடுபவரைப் பிடித்து வீழ்த்துவர். ஆறு முறை வீழ்ந்தால் பந்து எதிரணிக்குப் போய்விடும். எனவே ஒவ்வொரு முறையும் சில அடியேனும் முன்னேற வேண்டும். அதற்கென்றே இருப்பவர்கள் முன்வரிசை ஆட்டக்காரர்கள். சுவர் போல் நிற்கும் மூவர் நால்வர்மேல் நேரே சென்று மோதி, விழுந்து, எழுந்து, மீண்டும் மோதுவது அவர்கள் தொழில். புள்ளி பெரும்பாலும் பிறர் பெயரில் எழுதப்படும். மண் இவர்கள் சட்டையில் ஒட்டியிருக்கும்.

நான் இயற்பியல் பயில்பவன். ஆகவே கணக்கிட்டுப் பார்த்தேன். 115 கிலோ எடையுள்ள ஒருவர் நொடிக்கு 6 மீட்டர் வேகத்தில் ஓடினால், அவர் இயக்க ஆற்றல் ஏறத்தாழ 2,070 ஜூல். 50 கிலோ அரிசி மூட்டையைத் தரையிலிருந்து நான்கு மீட்டருக்கு மேலே, முதல் மாடிக்கும் சற்று உயரத்திலிருந்து போட்டால் என்ன ஆற்றலோடு விழுமோ, அதுவே இது. ஓர் ஆட்டத்தில் பதினைந்து, இருபது முறை இப்படி. இடையில் எதிரணியாரை வீழ்த்தும் வேலை வேறு. டௌமலோலோவுக்கு ஒரே ஆட்டத்தில் 200 மீட்டருக்கு மேல் பந்தோடு ஓடுவது வழக்கமாக இருந்தது. ஏற்றம் என்று நாம் எளிதாகச் சொல்லும் சொல்லுக்கு இதுதான் எடை.

இவ் ஆட்டம் பிறந்ததே கூலிக் கணக்கில்தான். அந்நாளில் இங்கிலாந்தின் வட பகுதியில் சுரங்கத்திலும் ஆலையிலும் உழைத்தவர்கள் சனிக்கிழமை ரக்பி ஆடினால், அந்த நேரத்துக் கூலியை இழந்தார்கள். இழந்த கூலிக்கு ஈடாக ஆறு ஷில்லிங் வரையில் தரலாம் என்று வடக்குச் சங்கங்கள் கேட்டன. "விளையாட்டுக்குக் காசா?" என்று மறுத்தனர் தலைமையில் இருந்த கனவான்கள். காசு இல்லாத கவலை அறியாதவர்கள் அவர்கள்! 1895 ஆகஸ்டு 29இல் ஹடர்ஸ்பீல்டு நகரில் ஜார்ஜ் ஓட்டலில் கூடி, வடக்குச் சங்கங்கள் தனியே பிரிந்தன. அந்தப் பிரிவினையின் பிள்ளைதான் ரக்பி லீக். ஆதலால் இவ் ஆட்டத்தில் ஊதியம் பெறுவது இழுக்கன்று. உழைப்புக்கு விலை உண்டு என்பதே அதன் முதல் பாடம்.

இனி அவர் வரலாற்றுக்கு வருவோம். டௌமலோலோ 1993இல் நியூசிலாந்தின் ஆக்லந்தில் பிறந்தார். குடும்பம் டோங்கா வழி வந்தது. டோங்கா பசிபிக் கடலில் ஏறத்தாழ ஒரு லட்சம் மக்களே வாழும் தீவு நாடு; நம் நாட்டில் ஒரு நடுத்தர ஊரின் மக்கள்தொகை! ஆக்லந்தில் சிறுவர் சங்கங்களில் ஆடிய அச் சிறுவனை நார்த் குவீன்ஸ்லாந்து கவ்பாய்ஸ் என்னும் அணியின் ஆள்தேடுவோர் கண்டனர். பதின்மூன்று வயதளவில் கடல் கடந்து டவுன்ஸ்வில் சேர்ந்தான். அங்கே பள்ளிப் படிப்பு, உள்ளூர் ஆட்டம், பிறகு இருபது வயதுக்குட்பட்டோர் அணி. 2010 ஆகஸ்டில், 17 வயதும் 82 நாளும் ஆனபோது, பெரியவர்கள் ஆடும் முதல் அணியில் இடம் பெற்றான். அந்த அணியில் அவ்வளவு இளம் வயதில் அதற்கு முன் எவரும் ஆடியதில்லை.

அதன்பின் 'அவன்' 'அவர்' ஆனார். 1995இல் தேசியப் போட்டிக்குள் நுழைந்த கவ்பாய்ஸ் அணி, இருபதாண்டு காத்திருந்து 2015இல் முதன்முறையாக வாகை சூடியது. பிரிஸ்பேன் அணியை 17-16 என்ற ஒற்றைப் புள்ளியில் வென்ற அந்த இறுதி ஆட்டத்தில் இவரும் இருந்தார். 2016இல் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரருக்குரிய டாலி எம் பதக்கத்தைக் கூப்பர் குரோங்க்குடன் பகிர்ந்து கொண்டார். 2017இல் அதே அணியுடன் பத்தாண்டு ஒப்பந்தம். அதன் மதிப்பு ஏறக்குறைய ஒரு கோடி ஆஸ்திரேலிய டாலர் என்று செய்தித்தாள்கள் எழுதின.

இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும். ஏணியின் உச்சியில் நிற்பவரைப் பார்க்கிறோம். படிகளில் நின்றுவிட்டவர்களைப் பார்ப்பதில்லை. அவரோடு சனிக்கிழமைக் காலைகளில் ஓடிய சிறுவர் எத்தனை பேர்! முழங்கால் முறிந்தவர், ஆள்தேடுவோர் கண்ணில் படாதவர், இருபது வயதோடு ஆட்டம் முடிந்தவர் எத்தனை பேர்! முயற்சி அவர்களுக்கும் இருந்தது. ஆகவே, "என் ஏற்றம் என் உழைப்பு மட்டுமே" என்று உச்சியில் நிற்பவர் சொன்னால், கீழே நிற்பவர்களை உழைக்காதவர்கள் என்று சொன்னதாகும். இது பொய். தேநீர்க் கடையில் முதலில் பேசிய நண்பருக்கு என் விடை இதுவே.

இரண்டாம் நண்பர் சொன்னது கடினமானது. 2014 முதல் டௌமலோலோ நியூசிலாந்து நாட்டணிக்கு ஆடி வந்தார். 2017 உலகக் கோப்பைக்கு அணி அறிவிக்கப்படும் தறுவாயில், "நான் டோங்காவுக்கு ஆடுவேன்" என்று விலகினார். ஆட்ட விதி அதற்கு இடம் தந்தது. ஆஸ்திரேலியாவுக்கு ஆடத் தகுதி பெற்றிருந்த ஆண்ட்ரூ பிபிட்டாவும் அவ்வாறே டோங்காவுக்கு வந்தார். நியூசிலாந்தில் கொதிப்பு எழுந்தது. பிறந்த மண், முதலில் பந்து கொடுத்த திடல், நாட்டணிச் சட்டை எல்லாம் தந்தோமே என்று கேட்டனர். அந்தக் கேள்வியை அற்பமென்று தள்ளுவதற்கில்லை. ஒருவருக்கு ஆக்கம் தந்த நாடு, அவர் எதிரே வந்து நிற்கும்போது வருந்தாமல் என்ன செய்யும்?

ஆனால் எண்ணிப் பாருங்கள். கடன் எல்லாம் ஒரே வகைக் கடனா?

ஒப்பந்தக் கடன் ஒன்று. ஊதியம் தந்தவனுக்கு உழைப்பைத் தர வேண்டும். அதை அவர் குறைத்தாரா? பெரிய நகரங்கள் பல இருக்க, சிறுவனாய்த் தன்னை ஏற்றுக்கொண்ட டவுன்ஸ்விலுக்கே தம் இளமையின் பத்தாண்டைக் கையெழுத்திட்டுத் தந்தார். நியூசிலாந்துச் சட்டை அணிந்த நாளெல்லாம் அதற்காக மோதி விழுந்தார். அந்தக் கணக்கு உடலால் தீர்க்கப்பட்டது. ஒவ்வொரு மோதலுக்கும் இரண்டாயிரம் ஜூல் வீதம்!

மற்றொன்று பிறப்புக் கடன். அதற்குப் பத்திரம் இல்லை; தவணை இல்லை; கேட்டு வருபவரும் இல்லை. ஆஸ்திரேலியத் தேசியப் போட்டியில் ஆடுவோரில் ஏறக்குறைய பாதிப் பேர் பசிபிக் தீவுகளின் வழி வந்தவர்கள். அவர்கள் வலிமை பெரிய நாடுகளின் பெயரில் வெற்றியாக எழுதப்பட்டு வந்தது. தீவுகளுக்கு மிஞ்சியது பெருமூச்சு. பெரும்பணம் தர இயலாத ஒரு சின்னஞ்சிறு நாட்டுக்காக, உச்சியில் நின்ற ஒருவர் ஒரு படி இறங்கி வந்தார். இறங்கியதால் தாழ்ந்தாரா?

அந்த ஆட்டத்தின் படத்தைத்தான் அண்ணன் காட்டினார். 2017 நவம்பர் 11, ஹாமில்டன் நகரம், டோங்காவும் நியூசிலாந்தும். ஆட்டத்துக்கு முன் நியூசிலாந்தார் தம் ஹாக்கா ஆடலை ஆட, டோங்கர் தம் சிபி டௌ ஆடலோடு எதிரே வந்து நின்றனர். இடைவேளையில் நியூசிலாந்து 16, டோங்கா 2. நம் விடுதியில் சிலர் எழுந்து போகப் பார்த்தார்கள். முடிவில் டோங்கா 28, நியூசிலாந்து 22! அரங்கெங்கும் சிவப்புக் கொடி, முதியவர்கள் அழுதார்கள். அரையிறுதியில் இங்கிலாந்திடம் 20-18 என்று தோற்றது டோங்கா. ஆயினும் 2019 நவம்பர் 2இல், ஆக்லந்தின் ஈடன் பார்க் அரங்கில், ஆஸ்திரேலியாவையே 16-12 என்று வென்றது. ஒரு லட்சம் பேர் கொண்ட நாடு!

அந்த வெற்றி ஒருவரால் வந்ததன்று, பதின்மூவரும் ஆடினர். ஆனால் முதலில் ஒருவர் திரும்பி வராவிடில், பிறர் திரும்பிப் பார்த்திருப்பார்களா? அதற்குப்பின் பிறந்த டோங்காச் சிறுவன், "பெரியவனானால் எந்த நாட்டுக்கு ஆடுவாய்?" என்ற கேள்விக்குத் தன் நாட்டின் பெயரையும் விடையாகச் சொல்ல முடியும். ஏறியவர் செய்யக் கூடிய பேருதவி இதுவே. ஏணியைத் தம்மோடு மேலே இழுத்துக் கொள்ளாமல், அதன் அடியைத் தம் மக்கள் முற்றத்தில் ஊன்றுவது.

நண்பர்களே, ஊரார் கதை என்று இதை நான் எழுதவில்லை. என் தந்தையார் தஞ்சையிலிருந்து ஜாம்ஷெட்பூருக்கு உருக்காலை வேலைக்கு வந்தவர். நான் அங்கே பிறந்தேன். அங்கே என்னை 'மதராசி' என்பார்கள். தஞ்சைக்குப் போனால் பாட்டி வீட்டுத் தெருவில் 'வடக்கத்திப் பிள்ளை' என்பார்கள். இங்கே கொல்கத்தாவில் மக்கள் பணத்தில் வரும் உதவித்தொகையில் படிக்கிறேன். எனக்கும் கடன்கள் பல. உங்களில் பலருக்கும் அப்படியே.

எனக்கும் ஒரு சிறுவர் சங்கம் உண்டு. எங்கள் குடியிருப்பில் ஆலையில் எழுத்தராய் இருந்து ஓய்வு பெற்ற ஒரு பெரியவர், ஞாயிறுதோறும் தம் வீட்டுத் திண்ணையில் தமிழ் கற்றுத் தந்தார். பன்னிரண்டு பிள்ளைகள், ஒரு கரும்பலகை, காசு வாங்கமாட்டார். பிழையாய் எழுதினால், "இன்னொரு தரம் எழுதுடா கண்ணு" என்பார். இந்தக் கட்டுரையை நான் தமிழில் எழுதுவது அவர் இட்ட பிச்சை. சென்ற ஆண்டு அவர் மறைந்தார். அவர் மனைவியார் எனக்குத் தொலைபேசியில், "தம்பி, கோடை லீவில் வந்து ரெண்டு மாசம் பிள்ளைகளுக்குச் சொல்லித் தர முடியுமா? திண்ணை சும்மாக் கிடக்கு" என்று கேட்டார். ஆய்வு வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டேன். வேலை இருந்தது உண்மைதான். ஆனால் பத்து நாள் கூடவா இல்லை?

தேநீர்க் கடையில் நான் வாய் திறவாததற்குக் காரணம் இப்போது விளங்கியிருக்கும். டௌமலோலோவைப் புகழவும் எனக்கு உரிமை இல்லை, இகழவும் இல்லை. அவர் ஒரு கோடி டாலர் உயரத்தில் நின்று திரும்பிப் பார்த்தார். நான் முதற்படியிலேயே முகத்தைத் திருப்பிக் கொண்டேன்.

திரும்பிப் போவதென்றால் படிப்பை விட்டுவிட்டு ஊர் போய்ச் சேர்வதன்று. டௌமலோலோ டவுன்ஸ்விலை விடவில்லை; ஒப்பந்தத்தை முறிக்கவில்லை. இருந்த இடத்தில் இருந்துகொண்டே, ஆண்டில் சில வாரம் யார் சட்டையை அணிவது என்பதைத்தான் முடிவு செய்தார். நமக்கும் ஆண்டில் சில வாரங்கள் உண்டு. அவற்றை எவருக்குத் தருவது என்பதை நாம்தான் முடிவு செய்ய வேண்டும்.

கோடை விடுமுறைக்கு ஜாம்ஷெட்பூர் செல்லப் பயணச்சீட்டு வாங்கிவிட்டேன். கரும்பலகை இன்னும் சுவரில்தான் மாட்டியிருக்கிறதாம். சுண்ணக்கட்டி நான் கொண்டுபோக வேண்டும்.