தீக்குச்சி தானாக நடப்பதில்லை

ஆர்தர் மெல்போர்ன்-கூப்பரின் தீக்குச்சி விளம்பரப் படம் 1899இல் எடுக்கப்பட்டதா, 1914இலா? அசைவூட்டப் பட ஆய்வாளர்கள் இந்த வழக்கை ஓயாமல் நடத்துகின்றனர். முந்தைய ஆண்டு நிலைபெற்றால் முன்னோடிகளின் வரிசையில் அப்படத்துக்குத் தலைமையிடம் கிட்டும். ‘முதல்’ என்னும் ஒற்றைச் சொல்லுக்கு ஆய்வுலகம் இவ்வளவு அடிமைப்பட்டிருப்பது வியப்பளிக்கிறது.

படம் மிகச் சிறியது. தீக்குச்சிகளால் ஆன உருவம் ஏணியில் ஏறிச் சுவரில் எழுதுகிறது: ஒரு கினி அனுப்பினால் பிரையன்ட் அண்ட் மே நிறுவனம் ஒரு படைப்பிரிவின் வீரர் ஒவ்வொருவருக்கும் ஒரு தீப்பெட்டி சேர்ப்பிக்கும். (தீப்பெட்டியை வீட்டுத் தொழில்நுட்பமாக ஏற்கத் தயங்குவோர், அது இல்லாமல் ஒருநாள் அடுப்பு மூட்டிப் பார்க்கலாம்.)

ஆண்டு முக்கியமே, காரணம்தான் வேறு. அந்நிறுவனத்தின் இலண்டன் ஆலையில் 1888இல் பெண் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தனர். வெண்பாஸ்பரம் அவர்களின் தாடையெலும்பை அரித்தது. நோயுற்றோரைப் பற்றி அரசுக்குத் தெரிவிக்காமல் மறைத்ததற்காக 1898இல் நிறுவனம் அபராதம் கட்டியது. வெண்பாஸ்பரத்தை 1901இல்தான் கைவிட்டது. படம் 1899க்குரியதெனில், தண்டனை பெற்ற மறு ஆண்டே படைவீரர்களின் கொடையாளி வேடம் பூண்ட நிறுவனத்தைக் காண்கிறோம். 1914க்குரியதெனில், அது வெண்பாஸ்பரத் தீக்குச்சி சட்டத்தால் விலக்கப்பட்ட பின் வந்த போர்க்கால விளம்பரம். இவ்விரண்டையும் ஒரே படமாக வாசிக்க இயலாது. ஆண்டைப் பற்றி வாதிடுவோர் இதைப் பேசாமல் வேறு எதைப் பேசுகிறார்கள்?

மொழியியல் பயின்ற எனக்கு இப்படம் ஒரு வாக்கியமாகவே தெரிகிறது. அதன் எழுவாய் தீக்குச்சி. குச்சியைச் செய்த பெண்ணும், சட்டகம் சட்டகமாக அதை நகர்த்திய கையும் வாக்கியத்திலிருந்து நீக்கப்பட்டுவிட்டனர். அசைவூட்டத்தின் மாயம் என நாம் வகுப்பறையில் போற்றுவது பெரும்பாலும் இந்த நீக்கத்தைத்தான். தாதாசாகேப் பால்கேயின் தீக்குச்சிப் படத்தையும் ‘இந்திய அசைவூட்டத்தின் தொடக்கம்’ என்ற ஒரு வரியோடு கடந்துவிடுகிறோம். அன்று இந்தியாவுக்குத் தீப்பெட்டி பெரும்பாலும் கப்பலில் வந்தது என்பது அந்த வரியில் இடம்பெறுவதில்லை.

அந்தமானில் வாழ்வோருக்கு இந்த நீக்கம் இன்னும் அருகில் இருக்கிறது. இங்குள்ள காடுகளின் பப்பீத்தா மரம் தீக்குச்சிக்காக வெட்டப்பட்டது. பெயரைக் கேட்டுப் பப்பாளி என்று மயங்க வேண்டாம். அது நெடிதுயர்ந்த காட்டு மரம். போர்ட் பிளேரிலேயே விம்கோவின் ஆலை இயங்கியது. ஆயினும் தீக்குச்சிப் படங்களைப் பாடமாக வைக்கும் நமது துறைகளில் மரம் தாவரவியலாருக்கும் ஆலை பொருளியலாருக்கும் உரியவையாம்; நமக்கு ஏணி ஏறும் குச்சி மட்டும் போதுமாம்.

அடுத்த பருவத்தில் இப்படத்தைத் திரையிடும் ஆசிரியர்கள் 1888ஐயும் 1898ஐயும் முதலில் கரும்பலகையில் எழுதிவிட்டுப் பிறகு விளக்கை அணைக்கட்டும்.