வீட்டுக் கடனின் மொத்தச் செலவை வாங்குவோருக்குத் தெரிவிக்கக் கோரும் மனு

அனுப்புநர்
தலைவர், செயலாளர் மற்றும் செயற்குழுவினர்,
குடியிருப்போர் நலச் சங்கம்,
தாம்பரம், செங்கல்பட்டு மாவட்டம்.

பெறுநர்
1. மண்டல இயக்குநர் அவர்கள், இந்திய ரிசர்வ் வங்கி, ராஜாஜி சாலை, சென்னை – 600 001.
2. ஒருங்கிணைப்பாளர் அவர்கள், தமிழ்நாடு மாநில அளவிலான வங்கியாளர்கள் குழுமம், இந்தியன் ஓவர்சீஸ் வங்கி, அண்ணா சாலை, சென்னை.

நாள்: ஜனவரி, 2026

பொருள்: வீட்டுக் கடன் – திருப்பிச் செலுத்தும் மொத்தத் தொகையை முன்கூட்டியே தமிழில் எழுதித் தருதல் – ஒப்புதல் பெறாமல் கடன் காலத்தை நீட்டுவதைத் தடுத்தல் – இவை சார்ந்த பிற குறைகளைக் களைதல் – கோருதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

எங்கள் சங்கத்தில் இருப்பவர்கள் பெரும்பாலும் மாதச் சம்பளக்காரர்கள். ஆலைத் தொழிலாளர், பள்ளி ஆசிரியர், ரயில்வே ஊழியர், சிறு கடை நடத்துவோர் என்று கலந்திருக்கிறோம். கடனில்லாமல் வீடு வாங்கியவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். வீடு எவ்வளவு கடனில் வாங்கினீர்கள் என்று கேட்டால் எல்லோரும் சட்டென்று சொல்லிவிடுவார்கள். அந்தக் கடனுக்குக் கடைசி வரை எவ்வளவு கட்டுவீர்கள் என்று கேட்டால் பெரும்பாலோரிடம் பதில் இருக்காது. அவர்களுக்குக் கணக்குத் தெரியாது என்று இதை ஒதுக்கிவிட முடியாது. கடனுக்காக அலைந்த நாட்களில் அந்தத் தொகையை அவர்களிடம் ஒருவரும் சொல்லவில்லை. முகவர் பிரசுரத்தின் பின்பக்கத்தில் பேனாவால் எழுதிக் காட்டுவது ஒரே ஓர் எண்தான்: மாதம் இவ்வளவு. அதற்குக் கீழே ஒரு கோடு கிழித்து, "சார், வாடகை மாதிரி நினைச்சுக்கங்க" என்பார். அத்தோடு பேச்சு முடிந்துவிடும்.

தாங்கள் அறியாத கணக்கு ஒன்றையும் நாங்கள் சொல்லப்போவதில்லை. ஆனாலும் மனுவின் அடிப்படை அதுவே என்பதால் எழுதுகிறோம். ரூ.30 லட்சம் கடன், ஆண்டுக்கு 8.5% வட்டி, 20 ஆண்டுகள் என்று வைத்துக்கொண்டால் மாதத் தவணை ரூ.26,035. மொத்தம் கட்டுவது ஏறத்தாழ ரூ.62.48 லட்சம். வட்டி மட்டும் ரூ.32.48 லட்சம், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். இதே கடனை 15 ஆண்டுகளில் அடைத்தால் தவணை ரூ.29,542, வட்டி ரூ.23.18 லட்சம். 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை ரூ.23,067 என்று குறைந்து கண்ணுக்கு இதமாக இருக்கும், வட்டியோ ரூ.53 லட்சத்தைத் தாண்டிவிடும். மாதம் மூவாயிரம் ரூபாய் குறைகிறதே என்று 20-ஐ விட்டு 30-ஐத் தேர்ந்தெடுக்கும் குடும்பம் இருபது லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கட்டுகிறது. தெரிந்தே தேர்ந்தெடுத்தால் அது அவரவர் முடிவு. தெரியாமல் தேர்ந்தெடுக்கிறார்கள் என்பதுதான் எங்கள் முறையீடு.

இன்னொன்றையும் பலர் ஐந்தாறு ஆண்டு கழித்துக் கணக்கு அறிக்கையைப் பார்க்கும்போதுதான் உணர்கிறார்கள். மேற்சொன்ன 20 ஆண்டுக் கடனில் முதல் மாதத் தவணையான ரூ.26,035-இல் ரூ.21,250 வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் கழிவது ரூ.4,785. ஐந்து ஆண்டுகள் ஒரு தவணைகூடத் தவறாமல் ரூ.15.6 லட்சம் கட்டிய பிறகும் அசல் நிலுவை ரூ.26.4 லட்சமாக நிற்கும். "பாதிக்குப் பக்கமா கட்டியாச்சு" என்று நினைத்து வங்கிக்குப் போனவர்கள் முகம் வாடித் திரும்பியதை நாங்கள் பார்த்திருக்கிறோம். வங்கி இதில் தவறு ஏதும் செய்யவில்லை. குறையும் நிலுவைக்கு வட்டி போடும் முறையே அப்படித்தான். அந்த முறையை முதல் நாளே சொல்லியிருக்க வேண்டும் என்கிறோம்.

சொல்ல வேண்டும் என்று விதி இல்லாமலும் இல்லை. 2024 ஏப்ரல் 15 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கையின்படி, 2024 அக்டோபர் 1 முதல் வழங்கப்படும் சில்லறைக் கடன்கள் அனைத்துக்கும் முக்கிய விவர அறிக்கை தர வேண்டும். எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு சதவீத விகிதமும், கடன் காலம் முழுவதற்குமான தவணை அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அது இருக்க வேண்டும். படித்து முடிவெடுக்கக் குறைந்தது மூன்று வேலை நாள் அவகாசமும் உண்டு. நல்ல விதி. எங்கள் உறுப்பினர்கள் கையில் அது எப்படி வந்து சேர்கிறது என்றால், கையெழுத்துப் போடும் நாளில், கத்தையாக அடுக்கிய ஆங்கிலத் தாள்களுக்கு நடுவே. பென்சிலால் பெருக்கல் குறி போட்ட இடங்களில் எல்லாம் ஒப்பமிட்டுவிட்டு எழுந்து வருகிறார்கள். அதற்குள் கட்டுநருக்கு முன்பணம் கொடுத்தாயிற்று. இனி அவகாசம் இருந்தும் பயனில்லை.

எனவே எங்கள் முதற்பெரும் கோரிக்கை: கடன் விண்ணப்பத்தைப் பெறும்போதே, ஒப்புதல் கடிதத்துக்கு முன்பாக, ஒரே பக்க அளவில், தமிழில், தனித்தாளாக ஒரு செலவு விவரம் தரப்பட வேண்டும். 15, 20, 30 ஆண்டுகளுக்குத் தவணை எவ்வளவு, மொத்தம் எவ்வளவு, வட்டி எவ்வளவு என்பது ரூபாயில் இருக்க வேண்டும். முதல் ஐந்து ஆண்டு முடிவில் அசல் நிலுவை எவ்வளவு இருக்கும் என்பதும், வட்டி 1% அல்லது 2% ஏறினால் என்ன ஆகும் என்பதும் அதே தாளில் வர வேண்டும். சதவீதத்தில் சொன்னால் போதாது. வட்டி அரை சதவீதம்தான் கூடுகிறது என்றால் யாரும் பொருட்படுத்துவதில்லை. 8.5% என்பது 9% ஆனால் ரூ.30 லட்சத்துக்கு 20 ஆண்டில் ரூ.2.3 லட்சம் கூடும் என்று எழுதினால் யாரும் ஒருமுறை நிமிர்ந்து பார்ப்பார்கள்.

அடுத்தது கடன் காலத்தைக் கேட்காமல் நீட்டுவது. எங்கள் உறுப்பினர்களை மிகவும் பாதித்திருப்பது இதுவே.

2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ விகிதம் 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக உயர்ந்தது. 2022 தொடக்கத்தில் 6.75% வட்டிக்கு 20 ஆண்டுக் கடனாக ரூ.30 லட்சம் வாங்கியவரின் தவணை ரூ.22,811. வட்டி 9.25% ஆனபோது நிலுவை ரூ.29.5 லட்சம் என்று வைத்துக்கொண்டால், ஒரு மாத வட்டி மட்டும் ரூ.22,740. அசலில் கழிவது 71 ரூபாய். அதே தவணையைக் கட்டிக்கொண்டே போனால் கடன் அடைய 62 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். அவ்வளவு காலம் எந்த வங்கியும் தராது. ஆகவே வயது வரம்பு இடம் கொடுக்கும் வரை காலத்தை நீட்டினார்கள். அதற்கும் மேல் முடியாதபோது தவணையை ஏற்றினார்கள். பலருக்கு இதைத் தெரிவித்தது ஆங்கிலத்தில் வந்த ஒரு குறுஞ்செய்தி மட்டும்தான். பலருக்கு அதுவும் வரவில்லை. 60 வயதில் ஓய்வு பெறவிருக்கும் எங்கள் உறுப்பினர் ஒருவர் வருமான வரிக்காக வட்டிச் சான்று எடுக்கப் போனபோதுதான் தம்முடைய கடைசித் தவணை 68-ஆம் வயதில் வருகிறது என்று அறிந்தார்.

மேற்சொன்ன ரூ.29.5 லட்சம் நிலுவைக் கணக்கில், 9.25% வட்டி அப்படியே நீடிப்பதாகக் கொண்டு, மீதமிருந்த 230 மாதங்களுக்குள் அடைக்கத் தவணையை ரூ.27,430 ஆக உயர்த்தியிருந்தால் கடன்தாரர் இனிக் கட்டுவது மொத்தம் ரூ.63.1 லட்சம். காலத்தை 350 மாதங்களாக நீட்டி ரூ.24,400 கட்டினால் ரூ.85.4 லட்சம். வித்தியாசம் ரூ.22 லட்சத்துக்கு மேல். இவ்வளவு பெரிய முடிவைக் கடன்தாரரைக் கேட்காமலே கணினி எடுத்துவிடுகிறது.

2023 ஆகஸ்ட் 18 தேதியிட்ட ரிசர்வ் வங்கி அறிவுறுத்தல் இதற்குத்தான் வந்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்பதைக் கடன்தாரர் தேர்ந்தெடுக்கலாம். பகுதியாகவோ முழுமையாகவோ முன்கூட்டி அடைக்கலாம். ஒவ்வொரு காலாண்டு முடிவிலும், இதுவரை கழிந்த அசல், வட்டி, தவணைத் தொகை, மீதமுள்ள தவணைகள் ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையைக் கடன்தாரர் பார்க்க வழி செய்ய வேண்டும். நடைமுறையில், பதில் சொல்லாதவருக்குக் காலத்தை நீட்டுவது என்பதே தானியங்கி ஏற்பாடாக இருக்கிறது. மௌனம் சம்மதம் என்று கல்யாண வீட்டில் சொல்லலாம்; கடன் கணக்கில் சொல்லக் கூடாது.

ஆகவே, கடன் காலத்தை நீட்டும் எந்த மாற்றமும், ஒவ்வொரு வழிக்கும் ஆகும் மொத்தச் செலவை ரூபாயில் காட்டி, கடன்தாரரின் எழுத்துமூல ஒப்புதல் பெற்ற பிறகே நடைமுறைக்கு வர வேண்டும். 2022, 2023-இல் ஏற்கெனவே காலம் நீட்டப்பட்டவர்கள் ஒவ்வொருவருக்கும் தற்போதைய நிலையை விளக்கித் தமிழில் ஒரு கடிதம் அனுப்பி, பழைய காலத்துக்கே திரும்ப என்ன தவணை கட்ட வேண்டும் என்று சொல்ல வேண்டும். 2025-இல் ரெப்போ 6.5 சதவீதத்திலிருந்து 5.25 சதவீதமாக இறங்கியிருப்பதால் இப்போது அது பலராலும் எட்டக்கூடிய தொகையாகவே இருக்கும். வட்டி இறங்கும்போது, கடன்தாரர் வேறுவிதமாகக் கேட்டாலன்றி, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைப்பதே வழக்கமாக வேண்டும்.

வட்டி இறங்கியது எல்லோருக்கும் வந்து சேர்ந்ததா என்றால், அதுவும் இல்லை. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் வழங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலுடன் இணைக்கப்பட்டுள்ளன. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டி திருத்தப்பட வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. அவை தாமே நிர்ணயிக்கும் விகிதத்தை வைத்துக்கொள்கின்றன. சம்பளச் சீட்டு இல்லாத சிறு வணிகர்களும் பஞ்சாயத்து எல்லையில் மனை வைத்திருப்போரும் பெரும்பாலும் போய் நிற்பது அந்த நிறுவனங்களிடம்தான். 2019 ஆகஸ்டிலேயே அவற்றின் கட்டுப்பாடு தேசிய வீட்டுவசதி வங்கியிடமிருந்து ரிசர்வ் வங்கிக்கு வந்துவிட்டது. வெளி அளவுகோலை அவற்றுக்கும் நீட்டிக்க மும்பை தலைமை அலுவலகத்துக்குப் பரிந்துரைக்க வேண்டுகிறோம். வங்கிகளிலும்கூடப் புதிதாக வருபவருக்கு ஒரு வட்டி, பத்தாண்டாகத் தவறாமல் கட்டுபவருக்கு அதைவிடக் கூடுதல் வட்டி என்ற நிலை இருக்கிறது. அளவுகோலுக்கு மேல் வைக்கும் கூடுதல் விகிதத்தை மூன்று ஆண்டு காத்திராமல் குறைக்க 2025 அக்டோபர் 1 முதல் வங்கிகளுக்கு அனுமதி உள்ளது. கேட்டவருக்கு மட்டும் தரும் சலுகையாக இது இருக்கக் கூடாது. ஆண்டுக்கு ஒருமுறை பழைய கடன்தாரர்களுக்குத் தாமாகவே தெரிவிக்க வேண்டும்.

காப்பீடு பற்றியும் சொல்லியாக வேண்டும். கடனுக்கு ஆயுள் காப்பீடு எடுப்பது புத்திசாலித்தனம், மறுக்கவில்லை. ஆனால் ஒற்றைப் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். ரூ.1 லட்சம் பிரீமியம் 8.5% வட்டியில் 20 ஆண்டு கடனில் ஏறினால் கட்டி முடிக்கும்போது ரூ.2.08 லட்சம். இதை எடுத்தால்தான் கடன் கிடைக்கும் என்று வாய்மொழியாகச் சொல்வதை நிறுத்த வேண்டும். காப்பீட்டுக்குத் தனிக் கையெழுத்தும், பிரீமியத்தைக் கையிலிருந்து கட்டும் வாய்ப்பும் தரப்பட வேண்டும்.

கட்டுமானம் முடியாத வீடுகளில் நிலைமை இன்னும் மோசம். வழங்கிய தொகைக்கு வட்டி மட்டும் கட்டும் ப்ரீ இ.எம்.ஐ. காலத்தில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. ரூ.30 லட்சமும் வழங்கப்பட்ட நிலையில் கட்டுநர் இரண்டு ஆண்டு தாமதித்தால் ரூ.5.1 லட்சம் போய்விடுகிறது, கூடவே வாடகை. கட்டுமான நிலைக்கு ஏற்பவே கடன் தொகையை விடுவிக்க வேண்டும் என்று 2013 செப்டம்பரிலேயே ரிசர்வ் வங்கி சொல்லியிருக்கிறது. ஒவ்வொரு தவணை விடுவிப்புக்கும் முன் தளத்தை நேரில் பார்த்த அறிக்கையின் நகலைக் கடன்தாரருக்கும் தர வேண்டும்.

முன்கூட்டி அடைப்பதற்கு மாறும் வட்டிக் கடனில் தனிநபர்களிடம் கட்டணம் வசூலிக்கக் கூடாது என்பது பல ஆண்டுகளாக இருக்கும் விதி. ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே 20 ஆண்டுக் கடன் மூன்று ஆண்டுக்கு மேல் முன்னதாக முடியும். ஆனால் சில கிளைகளில் பகுதித் தொகை கட்ட நேரில் வரச் சொல்கிறார்கள், விண்ணப்பம் கேட்கிறார்கள், குறைந்தபட்சத் தொகை என்கிறார்கள். செயலி வழியாக எந்த நாளிலும் எவ்வளவு வேண்டுமானாலும் கட்டவும், அன்றே அசலில் கழியவும் வழி செய்ய வேண்டும்.

கடைசியாக, கடன் முடிந்த பிறகு. 30 நாட்களுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், தவறினால் நாளொன்றுக்கு ரூ.5,000 இழப்பீடு என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ளது. இந்த இழப்பீடு உண்டு என்பதே பலருக்குத் தெரியாது. கடன் முடிவுச் சான்றிதழிலேயே அதை அச்சிட வேண்டும். பத்திரம் கைக்கு வந்தாலும், பதிவான உரிமை ஆவண ஒப்படைப்பை ரத்து செய்யும் ரசீது ஆவணம் பதிவாகும் வரை வில்லங்கச் சான்றில் கடன் நின்றுகொண்டே இருக்கும். அதைப் பதிவு செய்து தர வேண்டிய வங்கி அலுவலரோ வேலைப்பளு என்று தேதி மாற்றிக்கொண்டே போகிறார். அந்த 30 நாள் கெடுவுக்குள்ளேயே இதையும் முடித்துத் தர வங்கியாளர்கள் குழுமமும் பதிவுத்துறையும் சேர்ந்து ஏற்பாடு செய்ய வேண்டும்.

மேற்கண்டவற்றில் பெரும்பாலானவை புதிய சட்டம் கேட்பவை அல்ல, இருக்கும் விதியை நடைமுறைப்படுத்தக் கேட்பவை. ஆகவே மாநில அளவிலான வங்கியாளர்கள் குழுமத்தின் அடுத்த காலாண்டுக் கூட்டத்தின் நிகழ்ச்சி நிரலில் இம்மனுவைச் சேர்க்குமாறும், ஒருபக்கத் தமிழ்ச் செலவு விவரத்துக்கான மாதிரிப் படிவத்தை எங்களைப் போன்ற சங்கங்களின் கருத்தையும் கேட்டு இறுதி செய்யுமாறும், எடுக்கப்படும் நடவடிக்கையை எழுத்துமூலம் எங்களுக்குத் தெரிவிக்குமாறும் பணிவுடன் கேட்டுக்கொள்கிறோம். நேரில் விளக்கம் அளிக்க ஒரு நாளும் நேரமும் ஒதுக்கித் தந்தால் உறுப்பினர்களின் கடன் கணக்கு அறிக்கைகளுடன் வந்து சந்திக்கத் தயாராக இருக்கிறோம்.

இப்படிக்கு,
தங்கள் உண்மையுள்ள,
தலைவர் – செயலாளர் – பொருளாளர்
குடியிருப்போர் நலச் சங்கம், தாம்பரம்

நகல்: பதிவுத்துறைத் தலைவர் அவர்கள், சாந்தோம், சென்னை – ரசீது ஆவணப் பதிவு குறித்த கோரிக்கையின் மீது தக்க நடவடிக்கைக்காக.