இனந்தெரியாதோரும் ஒரு கமெராவும்

1983 ஜூலையில் கொழும்பு எரிந்தபோது ஜூட் ரட்ணத்துக்கு ஐந்து வயது. புகையிரதம் ஏறி வடக்கே தப்பிச் சென்ற அந்தச் சிறுவன், வளர்ந்து தொண்டு நிறுவனங்களில் பணியாற்றியவர். பின்னர் திரைத்துறைக்கு வந்து பத்தாண்டு காலம் உழைத்து எடுத்த ஆவணப்படமே ‘டீமன்ஸ் இன் பரடைஸ்’. 2017 இல் கான் விழாவில் சிறப்புக் காட்சியாக அது திரையிடப்பட்டது. அதே ஆண்டு யாழ்ப்பாண சர்வதேசத் திரைப்பட விழாவில், எதிர்ப்பைத் தொடர்ந்து நிகழ்ச்சி நிரலிலிருந்து நீக்கப்பட்டது. கான் பார்க்கலாம், யாழ்ப்பாணம் பார்க்கக் கூடாது என்ற இந்த நியாயம் எனக்கு விளங்கவில்லை.

படத்தில் ஜூட் அதே வழியே மீண்டும் வடக்கே பயணிக்கிறார். கனடாவிலிருந்து திரும்பிய உறவினர், ஒரு முன்னாள் போராளி, உடன் வருகிறார். வெவ்வேறு இயக்கங்களில் இருந்தவர்கள் இரவில் தீமூட்டி அமர்ந்து, தமிழரைத் தமிழர் கொன்ற கதையைப் பேசுகிறார்கள்.

எங்கள் பத்திரிகைத் தொழிலில் ‘இனந்தெரியாதோர்’ என்றொரு சொல் உண்டு. சுட்டவர் யாரென்று ஊருக்கே தெரிந்திருக்கும். செய்தியில் மட்டும் அவர் இனந்தெரியாதவர். இராணுவத்துக்கும் இயக்கங்களுக்கும் இடையில் உயிர்பிழைக்க அச்சம் தந்த சொல் அது. செய்தித்தாள் அச்சிட இயலாதிருந்ததை, தன் குடும்பத்தின் வழியாக ஒரு தனிமனிதர் பேசத் துணிந்தார் என்பதே இப்படத்தின் பெறுமதி.

அரச பயங்கரவாதத்தைப் படம் போதியளவு பேசவில்லை என்கிறார்கள். முள்ளிவாய்க்காலில் உறவுகளை இழந்தவர்களின் அந்தக் கோபத்தை எளிதாகத் தள்ளிவிட முடியாது. ஆயினும் ஒருவரின் நினைவு, விசாரணைக் குழுவின் அறிக்கை அன்று. அதன் குறையை நிரப்ப வேண்டியவை வேறு நினைவுகளே. தடை எதையும் நிரப்பாது.

நிரப்புவதற்கா விடயம் இல்லை? 2007 ஜூன் 7 ஆம் திகதி வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, புறக்கோட்டை விடுதிகளில் தங்கியிருந்த 376 தமிழர்களைப் பொலிஸார் பஸ்களில் ஏற்றிக் கொழும்பிலிருந்து வெளியேற்றினர். மறுநாள் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது. அந்த பஸ்களில் இருந்தவர்கள் ஒவ்வொருவரிடமும் ஒரு படத்துக்கான கதை இருக்கிறது.

திரைப்படக் கல்லூரியில் படித்திருக்க வேண்டும் என்பதில்லை. அகதி முகாம்களில் வாழ்ந்து 1949 இல் நியூயோர்க் வந்துசேர்ந்த லிதுவேனியர் ஜோனாஸ் மேக்காஸ், கடன்பட்டு ஒரு கமெரா வாங்கினார். அன்றாட வாழ்வையும் இழந்த ஊரின் ஏக்கத்தையும் நாட்குறிப்புப் போலப் பதிவு செய்தே உலக சினிமாவில் இடம்பிடித்தார். ரொறன்ரோவிலும் இலண்டனிலும் வாழும் நம்மவர் கையில் இன்று கடன்படாமலே கமெரா இருக்கிறது.

1983 இல் இருபது வயதாயிருந்தவர்கள் இப்போது அறுபதைக் கடந்துவிட்டார்கள். ஜூட்டை மறுப்பவர்கள் தாராளமாக மறுக்கட்டும். ஆனால் படத்தைப் பார்த்துவிட்டு மறுக்கட்டும். இயலுமானால் இன்னொரு படம் எடுத்து மறுக்கட்டும்.