மோதிரமும் பாதுகையும்

எம்மூரின் பெயர் தளவாய்புரம். இராசபாளையத்திற்கு அணித்தாய், மேற்குத் தொடர்ச்சி மலை கண்ணுக்குத் தெரியும் தொலைவில் அமைந்த ஊர் அது. தளவாய் என்பது மதுரை நாயக்கர் காலத்தில் படைத்தலைமையையும் ஆட்சிப் பொறுப்பையும் ஒருங்கே தாங்கிய பெரும்பதவியின் பெயராகும். அப்பதவி மறைந்தது, அதனை வகித்தோரும் மறைந்தனர், பெயர் மட்டும் ஊர்ப்பெயரில் ஒட்டிக்கொண்டு நிற்கின்றது. இன்று எம்மூர்த் தெருக்களில் கேட்பது தையற்பொறிகளின் ஓசையே. அதிகாரத்தைப் பற்றிய கதை எதனைப் படித்தாலும் எனக்கு முதலில் நினைவுக்கு வருவது எம்மூர்ப் பெயர்தான்.

அதிகாரத்தை விரலில் அணியத்தக்க ஒரு பொருளாகவே கற்பனை செய்தார் ஆங்கிலப் பேராசிரியர் ஒருவர். அவர் பெயர் டோல்கியன். 1892-இல் பிறந்து 1973-இல் மறைந்தவர். ஆக்ஸ்போர்டுப் பல்கலைக்கழகத்தில் பழைய ஆங்கில மொழியைக் கற்பித்தவர். பழைய மொழியைக் கற்பித்து வாழ்ந்தவர் என்பதனாலேயே அவர்பால் எனக்கு ஒரு பற்று உண்டு. மோதிரங்களின் தலைவன் என்று பொருள்படும் பெயரோடு அவர் எழுதிய நெடுங்கதை 1954, 1955 ஆகிய ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வெளிவந்தது. சௌரான் என்னும் இருளரசன் அதில் வருகின்றான். பல குலத்தாரும் அணியும் மோதிரங்களையெல்லாம் அடக்கியாள அவன் எரிமலைத் தீயில் இரகசியமாக ஒரு மோதிரம் வார்க்கின்றான். தன் வலிமையின் பெரும்பகுதியை அதற்குள் வைக்கின்றான். அம்மோதிரம் அவன் கையை விட்டுப் போய்விடுகின்றது. அதனை அழித்தால் அவன் அழிவான். பிறந்த தீயிலிட்டாலன்றி அஃது அழியாது. கதையின் முடிச்சு இதுவே.

இம்முடிச்சு நமக்குப் புதிதன்று. ஏழு கடல் தாண்டி, ஏழு மலை தாண்டி, மரப்பொந்திலுள்ள கிளியின் உடலில் மந்திரவாதியின் உயிர் இருக்கிறது என்னும் கதையைப் பாட்டிமார் வாயால் கேளாத தமிழ்ப் பிள்ளை உண்டோ? தோற்பாவைக் கூத்தில் ஆடப்பெறும் மயில் இராவணன் கதையிலும் அவ்வரக்கனின் உயிர் வண்டுகளில் ஒளிந்திருக்கும். தன் உயிரைத் தன் உடலில் வைக்க அஞ்சுகின்றவன் கொடியவன். பாதுகாப்பு வேண்டி அதனை வெளியே வைக்கின்றான்; வைத்த இடத்திலேயே தோற்கின்றான்.

மாயம் ஏதுமின்றியே மோதிரம் அரசாண்டதும் உண்டு. விசாகதத்தர் வடமொழியில் இயற்றிய முத்திராராட்சசம் என்னும் நாடகத்தில், பகை அமைச்சனாகிய இராட்சசனின் முத்திரை மோதிரம் சாணக்கியன் கையில் சிக்குகின்றது. ஒரு பொய்க் கடிதத்தில் அம்முத்திரை விழுந்ததும் நண்பர் பகைவராயினர், கூட்டணி குலைந்தது. படை செய்ய வேண்டிய வேலையை ஒரு முத்திரை செய்து முடித்தது.

ஆயினும் கிளிக் கதைக்கும் டோல்கியன் கதைக்கும் ஒரு பெரிய வேற்றுமை உண்டு. நம் இளவரசன் கிளியைப் பிடிப்பான், கழுத்தைத் திருகுவான், கதை முடியும். பிடித்த கிளியைத் தானே வளர்த்துக்கொள்ளலாமே என்னும் ஆசை அவனுக்கு எழுவதில்லை. டோல்கியன் கதையிலோ தொல்லை அங்கேதான் தொடங்குகின்றது. சௌரானின் விரலை வெட்டி மோதிரத்தைக் கைப்பற்றிய மன்னன் அதனைத் தீயிலிடவில்லை, தனக்கென வைத்துக்கொண்டான், அதனாலேயே மாண்டான். பின்னர் அஃது ஃப்ரோடோ என்னும் எளிய குள்ளனிடம் வருகின்றது. அவன் அதனைத் தன்னைவிட ஆற்றல் மிக்க முதியவரிடம் நீட்டுகின்றான். அவர் வேண்டாவென மறுக்கின்றார். நன்மை செய்யும் எண்ணத்தோடு அணிந்தாலும் அம்மோதிரம் தம்மைத் தீயவராக்கிவிடும் என்று அஞ்சியே அவர் மறுக்கின்றார். ஃப்ரோடோவோ பசியும் நோவும் தாங்கி எரிமலையின் விளிம்புவரை செல்கின்றான். சென்றவன் அங்கே தோற்கின்றான். ‘இது எனக்குரியது’ என்று கூறி விரலில் அணிந்துகொள்கின்றான். முன்பு அதனை வைத்திருந்து இழந்த ஒருவன் பாய்ந்து விரலையே கடித்துப் பறித்துக் கால் தவறித் தீயில் வீழ்ந்ததனால்தான் மோதிரம் அழிந்தது. நல்லவனும் கடைசி அடியில் தோற்பான் என்று எழுதும் துணிவு எல்லார்க்கும் வாய்ப்பதன்று.

டோல்கியனிடம் நான் காணும் குறையையும் சொல்லிவிடுகின்றேன். அவருடைய இருளரசனுக்கு முகமே இல்லை. கதையில் பெரும்பாலும் அவன் கண்ணே பேசப்படுகின்றது. கம்பர் காட்டும் இராவணனோ இசை வல்லவன். மகனைப் பறிகொடுத்து அழுபவன். அவனை வெறுக்கும்போதும் நாம் இரங்குகின்றோம். முகமற்ற பகைவனை வெறுப்பது எளிது. எளிதாய் வரும் வெறுப்பில் எனக்கு நம்பிக்கை இல்லை.

கம்பரைப் பேசிய இடத்தில் பரதனையும் பேச வேண்டும். அயோத்தி அரசு அவன் கேளாமலே கைக்கு வந்தது. அவன் அண்ணனைத் தேடிக் கானகம் சென்றான். அண்ணன் வர இசையாதபோது பாதுகைகளைப் பெற்றுத் திரும்பினான். அவற்றை அரியணையில் ஏற்றி, நகருக்குள் புகாமல் நந்தியம்பதியிலிருந்து 14 ஆண்டுகள் நாட்டைக் காத்தான். டோல்கியனின் மோதிரம் கண்டார் பலரும் அணிய விரும்பிய பொருள். பரதனிடமிருந்த பாதுகையோ அணிவாரின்றியே ஆண்ட பொருள். பரதன் போன்றோர் அரியர், ஃப்ரோடோ போன்றோரே உலகில் மிகுதி என்று நீங்கள் சொல்வீர்களாயின் நான் மறுக்கமாட்டேன். எனக்கு அதில் சொந்த அனுபவம் உண்டு.

ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்கு முன், நான் தமிழாசிரியனாய் இருந்த ஒரு பள்ளியில், பாடநூலுக்குள் அம்புலிமாமா இதழை மறைத்து வைத்துப் படித்த மாணவன் ஒருவனைப் பிடித்தேன். 1947-இல் தோன்றிப் பல தலைமுறைச் சிறுவர்களை மகிழ்வித்த இதழ் அது, இப்போது வருவதில்லை. மாயக்கதைகள் பிள்ளைகளைக் கெடுக்கும் என்பது அக்காலத்தில் என் உறுதியான கொள்கை. பிரம்பால் அடித்தேன்; இதழைப் பறித்தேன். அன்றிரவு அதைப் புரட்டினேன். மந்திரவாதி ஒருவனின் கதை. விளக்கை அணைக்க மனமின்றி முழுதும் படித்தேன். காலையில் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்றே எண்ணிச் சென்றேன். வகுப்பில் நாற்பது பிள்ளைகள் எழுந்து நின்றனர். கொடுத்தால் என் சொல்லுக்கு மதிப்புக் குறையும் என்று தோன்றிற்று, கொடுக்கவில்லை. அடுத்த நாளும் கொடுக்கவில்லை. அந்த இதழ் என் பெட்டியிலேயே தங்கிவிட்டது.

மாயக்கதைகளைப் பிள்ளைகள் கையிலிருந்து பறிக்கலாகாது என்று இன்று நான் வாதிடுவதற்கு என் படிப்பு மட்டும் காரணமன்று. அதிகாரம் கையில் ஒட்டிக்கொள்ளும் என்பதை எனக்கு அறநூல்களைக் காட்டிலும் தெளிவாக உணர்த்தியது, ஓய்வு பெற்ற பின் என் பேரனுக்காகப் படித்த அந்த மோதிரக் கதையே.

அம்மாணவர் இப்போது எம்மூரில் ஒரு தையற்கூடம் நடத்துகின்றார். சென்ற ஆண்டு அந்த இதழை எடுத்துக்கொண்டு அங்கே சென்றேன். அவர் எழுந்து, அமரச் சொல்லி, மோர் கொண்டுவரப் பணித்தார். இதழை நீட்டினேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். ‘ஐயா, இந்தப் புத்தகம் எனக்கு நினைவில்லை; அடிதான் நினைவிருக்கிறது’ என்றார் சிரித்துக்கொண்டே. அருகில் நின்ற அவர் மகள் அதனை வாங்கி, துணிக்கட்டின்மேல் அமர்ந்து, முதற்பக்கத்திலிருந்து படிக்கத் தொடங்கினாள்.