நாலடி நிலமும் நகரத்து உணவும்

‘எங்கள் வீட்டுத்தோட்டம்’ என்னும் பொருள்பற்றிக் கட்டுரை வரைக என மாணவரைப் பணித்தல் எம்போன்ற தமிழாசிரியர்க்கு நெடுநாள் வழக்கம். 2022ஆம் ஆண்டிலும் அவ்வாறே பணித்தேன். வகுப்பிலிருந்தோருட் பெரும்பாலார் கத்தரியும் வெண்டியும் பயற்றங்கொடியும் தம் முற்றத்திற் செழித்திருப்பதாக எழுதினர். அவருட் பலர்க்கு முற்றமே இல்லை என்பதை யான் அறிவேன். ஒரு மாணவன் மட்டும் மூன்றே வரி எழுதியிருந்தான். தன் வீட்டுக்கு நிலம் இல்லை. மாடிப்படியின் ஓரத்தில் உடைந்த வாளியொன்றில் அம்மா வல்லாரை வளர்த்தார். வழிக்கு இடையூறென்று அதனையும் அகற்றச் சொல்லிவிட்டார்கள். அவ்வளவே. பிழை ஒன்றுமில்லை. எத்தனை புள்ளி இடுவதென்று தெரியாமல் அத்தாளை நெடுநேரம் கையில் வைத்திருந்தேன்.

அவ்வாண்டின் நிலையை இலங்கையர் எவரும் மறந்திரார். 2021 மே மாதத்தில் இரசாயன உர இறக்குமதி திடீரெனத் தடுக்கப்பட்டது. நவம்பரில் அத்தடை நீங்கியபோதிலும் பெரும்போக வேளாண்மை நலிந்துவிட்டது. அந்நியச் செலாவணியும் வற்றிற்று. 2022 செத்தெம்பரிற் கொழும்பின் உணவு விலைகள் முந்திய ஆண்டினும் 94.9 சதவீதம் ஏறியிருந்தன. 100 ரூபாவுக்கு வாங்கிய உணவை ஏறக்குறைய 195 ரூபாவுக்கு வாங்கவேண்டியதாயிற்று. அதற்குச் சற்று முன்னர், யூன் மாதத்தில், அத்தியாவசிய சேவையினர் ஒழிந்த அரசாங்க உத்தியோகத்தர்க்கு மூன்று மாதகாலம் வெள்ளிக்கிழமைதோறும் விடுமுறை அளிப்பதென அமைச்சரவை முடிவுசெய்தது. எரிபொருட் பஞ்சத்திற் பயணத்தைக் குறைத்தல் ஒரு நோக்கம். வீட்டுத்தோட்டஞ் செய்வித்தல் மற்றொன்று.

அம்முடிவை இகழ்ந்துரைத்தல் நம் கருத்தன்று. ஆயினும் அவ்வழைப்பு யாரை நோக்கி எழுந்தது? மாதச் சம்பளமும் மதில் சூழ்ந்த வளவும் உடையாரை நோக்கியன்றோ? நாட்கூலிக்காரனுக்கு ஒருநாள் விடுமுறை ஒருநாட் பட்டினியாகும். மாடிக் குடியிருப்பில் வாழ்வோனுக்கு மண்வெட்டி கொடுத்தால் அவன் எதனைக் கொத்துவான்? ‘பயிரிடுக’ என்னும் ஏவல் எளிது. ‘இங்கே பயிரிடுக, உம்மை எவரும் அகற்றார்’ என்னும் உறுதிமொழியே அரிது. நகரத்து வேளாண்மை வாழ்வதும் மாள்வதும் அவ்வுறுதிமொழியைப் பொறுத்தவை என்பதே இக்கட்டுரையாற் கூறப்புகுவது.

நகரமும் விளைநிலமும் ஒன்றற்கொன்று பகை என்பது பழந்தமிழர் கொள்கையன்று. காவிரிப்பூம்பட்டினத்தைப் பாடிய பட்டினப்பாலை, பண்டம் குவிந்த துறைமுகத்தை மட்டும் காட்டி அமையவில்லை. தெங்கும் வாழையும் கமுகும் மஞ்சளும் இஞ்சியும் விளைந்த தோப்புகளையும், வடித்த கஞ்சி தெருவிற் பெருகியோடிய அட்டிற்சாலைகளையும் அதே பாட்டில் வைத்துள்ளது. தோட்டம் ஒன்று, அட்டில் ஒன்று: நகரத்து உணவுக் கொள்கையின் இரு கைகளும் இவையே. இக்காலத்து நகரங்கள் சில இவற்றை எவ்வாறு கையாண்டன என்று காண்போம்.

முதலிற் கியூபாவின் தலைநகராகிய ஹவானா. 1991இற் சோவியத் ஒன்றியம் கலைந்ததும், அதனை நம்பியிருந்த கியூபாவுக்கு எண்ணெயும் உரமும் உணவும் வருவது சுருங்கிற்று. உழவியந்திரத்துக்கும் எண்ணெய் இல்லை; நாட்டுப்புறத்திலிருந்து காய்கறி ஏற்றிவரும் வண்டிக்கும் எண்ணெய் இல்லை. ஆதலின் உண்பார்க்கு அருகிலேயே உணவு விளைதல் வேண்டியதாயிற்று. வெறுமையாய்க் கிடந்த மனைகளில் வரம்பு கட்டி, மண்ணுங் கூட்டெருவும் நிரப்பி, உயர்ந்த பாத்திகள் அமைத்தனர். ‘ஒர்கனோபோனிக்கோ’ என்பது அத்தோட்டங்களின் பெயர். அரசாங்கம் ஊக்கவுரையோடு நின்றிலது. பயன்படாத நிலத்தைப் பயிரிடுவார்க்கு வாடகையின்றி அனுபவிக்கக் கொடுத்தது. விதையும் ஆலோசனையும் கிடைக்க வழி செய்தது. விளைந்ததை அருகிலேயே விற்கவும் இடங்கொடுத்தது.

உகண்டாவின் தலைநகர் கம்பாலாவின் கதை வேறு. அங்கே மக்கள் வாழையும் சேம்பும் மரவள்ளியும் எப்போதும் பயிரிட்டே வந்தனர். சட்டமே அதனை ஒப்பவில்லை. குடியேற்ற ஆட்சிக்காலத்து நகர் ஒழுங்குகளின் கண்ணிற் பயிர் என்பது அகற்றற்குரிய குப்பையாய்த் தோன்றிற்று. ஏழை விதைத்ததை அதிகாரி வெட்டுதல் குற்றமாகவில்லை; விதைத்தலே குற்றமாயிற்று. நெடுநாள் வாதத்தின்பின், 2006இல் நடைமுறைக்கு வந்த துணைவிதிகள், எவ்விடத்துப் பயிரிடலாம், எவ்விடத்து ஆகாது என வகுத்து, அனுமதி பெற்றுப் பயிரிடுதலை முறையான தொழிலாக ஏற்றன. அனுமதி பெறும் அலைச்சல் ஏழையைச் சாரும் என்பது மெய்யே. எனினும் குற்றவாளி குடிமகனாதல் சிறிய மாற்றமன்று.

ஆர்ஜெந்தீனாவின் றொசாரியோ நகரம் மூன்றாவது. 2001 இறுதியில் அந்நாட்டின் பொருளாதாரம் சரிந்தபோது வேலையிழந்தோர் தெருவில் நின்றனர். 2002இல் அம்மாநகரசபை நகர வேளாண்மைத் திட்டமொன்றைத் தொடங்கி, வெறும் நிலங்களைக் கணக்கெடுத்து, அவற்றைப் பயிரிடுவோர்க்கு ஒதுக்கிற்று. விளைவை விற்கச் சந்தைகளையும் அமைத்தது. நெருக்கடி தணிந்தபின் திட்டத்தைக் கைவிட்டிருக்கலாம், கைவிடவில்லை. ஆதலின் பஞ்சத்திற் பிறந்த தோட்டம் பஞ்சத்தோடு மடியாது நின்றது. நம் நாட்டு வெள்ளிக்கிழமை விடுமுறைக்கும் அதற்கும் உள்ள வேற்றுமை இஃதே.

நிலம் மட்டும் போதுமோ? நீரும் வேண்டும். கொல்கத்தாவின் கிழக்கே ஏறக்குறைய 12,500 ஹெக்டேயர் பரந்த ஈரநிலம் உண்டு. நகரின் கழிவுநீர் அங்குள்ள ஆழமற்ற குளங்களிற் பாய்கிறது. ஞாயிற்றொளியிற் பாசி வளர்ந்து நீரைத் தெளிவிக்கிறது. மீன் அதனை உண்டு கொழுக்கிறது. அந்நீர் நெல்வயலுக்கும் செல்கிறது. இவ்வமைப்பின் பயனை உலகறியச் செய்த துருவஜோதி கோஷ் என்னும் பொறியியலாளர் 2018இல் மறைந்தார். கட்டடத்துக்காகக் குளங்களைத் தூர்க்க முற்பட்டபோது 1992இற் கல்கத்தா உயர்நீதிமன்றம் தடுத்தது. 2002இல் இது ராம்சார் ஈரநிலமாக ஏற்கப்பட்டது. ஆயினும் தோல் பதனிடுஞ் சாலைகளின் கழிவு கலந்தால் அதே நீர் நஞ்சாகும் என்னும் அச்சமும் அங்கே உண்டு. கொழும்பும் 2018இல் ராம்சார் ஈரநில நகரமென அங்கீகாரம் பெற்றது. அதனைச் சூழ்ந்த சதுப்பு நிலங்களிற் கங்குன் கீரையும் பொன்னாங்காணியும் விளைகின்றன. அங்கு வரும் நீரைச் சோதித்துத் தூயதாக்குதல் அரசின் கடன். சோதியாது கீரையைப் பழித்தலும், பழிக்கு அஞ்சிக் கீரைக்காரியைத் துரத்தலும் நீதியல்ல.

இனி, தோட்டத்தின் எல்லையையும் உரைத்தல் வேண்டும். கீரை சோறாகாது. நாலடிப் பாத்தி கறிக்கு உதவும். ஒரு குடும்பத்தின் அரிசிப் பானையை நிரப்பாது. ஹவானாவின் தோட்டங்களைப் புகழ்வோர், கியூபா தன் உணவிற் பெரும்பகுதியை இன்னும் இறக்குமதி செய்வதையும், 2024இற் குழந்தைகளுக்கான பால்மாவுக்கு உலக உணவுத் திட்டத்தின் உதவியை நாடியதையும் மறைத்தலாகாது. எனவே தோட்டத்தைக் காட்டி, ‘இனி உங்கள் உணவை நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்’ என்று அரசு கைகழுவுமாயின், அத்தோட்டம் வஞ்சகமாகும்.

இவ்விடத்தே மற்றைக் கை வேண்டப்படுகிறது. பிறேசிலின் பெலோ ஒரிசொந்தே நகரம் 1993இல், பத்ருஸ் அனானியாஸ் நகரபிதாவாயிருந்த காலத்தில், உணவு குடிமக்களின் உரிமை எனக் கொண்டு அதற்கெனத் தனித் திணைக்களம் நிறுவிற்று. பள்ளி உணவும் உழவர் சந்தையும் மலிவு உணவுச்சாலையும் அதன் பொறுப்பாயின. அவ்வுணவுச்சாலையில் எவரும் புகலாம். ஏழை என்னும் சீட்டைக் காட்ட வேண்டியதில்லையாதலின், உண்பவன் தலைகுனிய வேண்டுவதுமில்லை.

நமக்கும் இத்துறையிற் பழைய பாடங்கள் உள. 1953இற் பங்கீட்டரிசியின் விலை 25 சதத்திலிருந்து 70 சதமாக உயர்த்தப்பட்டபோது ஆகஸ்ட் 12ஆம் நாள் ஹர்த்தால் எழுந்தது; ஒக்டோபரிற் பிரதமர் பதவி துறந்தார். 1979இற் பங்கீடு நீங்கி உணவு முத்திரை வந்தது. முத்திரையின் பெறுமதி நிற்க, விலை ஏறிற்று. ஏழையின் கையிலிருந்த தாள் ஆண்டுதோறும் இளைத்தது. ஆள்வோர் முன்னதை மறவாதிருக்கின்றனர். பின்னது ஓசையின்றி நிகழ்ந்தமையால் மறந்துவிட்டனர்.

செய்யத்தக்கன அரியனவல்ல. ஒவ்வொரு மாநகரசபையும் தன் எல்லையில் வெறுமையாய்க் கிடக்கும் பொதுநிலத்தின் பட்டியலை வெளியிடுக. அவற்றை நிலமற்றோர்க்குச் சில ஆண்டுகட்கேனும் எழுத்தில் ஒப்படைக்க. மாடிக் குடியிருப்பு எழுப்புவோர் மேற்றளத்தின் ஒரு பகுதியைப் பயிர்க்கென ஒதுக்குக. மண்ணும் நீரும் சோதிக்கப்படுக. இவற்றோடு, எவரும் புகுந்து மலிவாக உண்ணும் உணவுச்சாலை நகர்தோறும் அமைக. பஞ்சம் வந்தபின் மண்வெட்டி தேடுதல் அறிவுடைமையாகாது.

அம்மாணவனுக்கு முழுப்புள்ளி இட்டேன். அடுத்த ஆண்டு ‘எங்கள் வீட்டுத்தோட்டம்’ என்னுந் தலைப்பை விடுத்து, ‘எங்கள் நகரில் வெறுமையாய்க் கிடக்கும் நிலம்’ எனக் கொடுத்தேன். பாடசாலையிலிருந்து நடந்துசெல்லுந் தொலைவில் 11 இடங்களைப் பிள்ளைகள் கண்டு எழுதிவந்தனர். ஓர் உடைந்த வாளியை வைக்க, அவற்றுள் ஒன்றிலேனும் இடமில்லையோ?