தெருவுணவும் வழிகாட்டியும்

மெக்சிக்கோ மாநகரிலே வழிகாட்டி முன்செல்லத் தெருத்தெருவாய் நடந்து உண்பதற்கென்றே பயணிகள் பணங் கொடுக்கின்றனர். சுண்ணாம்பு நீரில் அவித்த சோளத்தை அரைத்துச் சுடும் ரொட்டியே அங்கு முதன்மை. அந்நாட்டுச் சமையல் மரபை 2010இல் யுனெஸ்கோவும் ஏற்றுப் போற்றியது.

வட்டக்கச்சியாராகிய நாம் கிளிநொச்சிக்குப் பஸ் ஏறினாற் போதும். வட மாகாண விவசாயத் திணைக்களத்தின் அம்மாச்சி உணவகத்திலே பெண்கள் நம் கண்முன்னே தோசை வார்க்கின்றனர். குரக்கன் புட்டு அவிக்கின்றனர். விற்ற காசு சமைத்தவர்க்கே. 2009இற் போர் ஓய்ந்தபின் தனியே குடும்பஞ் சுமக்கும் தாய்மார் பலருள்ள வன்னியில் இது சிறு செய்தியன்று.

மாணவர்களே, குரக்கன் மாவை எவ்வளவு வறுப்பது என்று அவர்களையே கேளுங்கள். வேறு வழிகாட்டி எதற்கு? இலைக்கஞ்சி வேண்டுவோர் வெயிலேறுமுன் போய்ச் சேருக.